நமது திரைப்படச் சங்கம்: செயலாளரின் ஆண்டறிக்கை

மதிப்புக்குரிய தலைவர் அவர்களுக்கும், செயற்குழுவினருக்கும், வந்திருக்கும் உறுப்பினர்களுக்கும், வராதவர்களுக்கும் வணக்கம்.

மாதத் திரையிடல்கள் வழக்கம்போல் நடைபெற்றன. மழையால் சில கூட்டங்கள் தள்ளிப்போயின. பொங்கலையொட்டிச் சிறுவர்களுக்கு வினாடி வினா நடந்தது. நூலக அலமாரிக்குப் புதுப் பூட்டு போடப்பட்டது.

இனி, 'செயலாளரின் சொந்த வேலை' என்று சிலர் பேசிவரும் பணிக்கு, அதாவது ஒரு பழைய நடிகரின் படங்களைப் பட்டியலிடுவதற்கு, வருகிறேன். டி.ஆர். சுந்தரம் 1935இல் நம் சேலத்தில் தொடங்கிய மாடர்ன் தியேட்டர்ஸ் நூற்றுக்கு மேற்பட்ட படங்களை எடுத்தது. ஏற்காடு சாலையில் எஞ்சி நிற்கும் அதன் நுழைவாயில் வளைவுக்கு முன்னால் படம் பிடித்துக்கொள்ளாதவர் நம்மில் இல்லை. அந்த வளைவுக்குள் தினமும் வேலைக்குப் போய்வந்த ஒருவர் நம் மூத்த உறுப்பினர். தம் பெயரை எழுத வேண்டாம் என்று அவர் கேட்டுக்கொண்டதால் 'பெரியவர்' என்றே குறிப்பிடுகிறேன்.

சிறுவயதில் நாடகக் கம்பெனி. அங்கிருந்து ஸ்டுடியோவில் ஒப்பனை உதவியாளர், மாதச் சம்பளம். விடியுமுன் போய்த் தாடி மீசை ஒட்டுவது அவர் வேலை. வர வேண்டிய துணை நடிகர் வராத நாளில் அதே நாற்காலியில் தாமே உட்கார்ந்து, போலீஸ்காரராகவோ அரண்மனைச் சேவகராகவோ எழுந்துவருவார். இதற்குத் தனிச் சம்பளம் கிடையாது. தமிழின் முதல் முழுநீள வண்ணப் படம், 1956இல் வெளிவந்தது, அங்கே தயாரானபோது, கறுப்பு வெள்ளைக்குப் பழகிய பூச்சு வண்ணத்தில் எடுபடாமல் எல்லாரும் புதிதாகக் கற்றுக்கொண்டதை அவர் சொல்லக் கேட்க வேண்டும். 1963இல் சுந்தரம் மறைந்தார். அதன்பின் பெரியவர் கோடம்பாக்கம் போனார். அங்கே தொழிலுக்கொரு சங்கம், சங்கத்துக்கொரு அட்டை. ஒப்பனை அட்டை வைத்திருந்தவர் வேடம் கட்ட முடியவில்லை. ஆகவே தூரிகையை வைத்துவிட்டு, கால்ஷீட்டுக்கும் பேட்டாவுக்கும் காத்திருக்கும் நடிகரானார். நீதிமன்றக் குமாஸ்தா, மாப்பிள்ளை வீட்டுச் சித்தப்பா, கதவைத் திறந்துவிட்டு ஒதுங்கும் வேலைக்காரர்.

அவர் நடித்த படங்களின் பட்டியலைத் தயாரிப்பதே என் பணி. அந்நாளில் தியேட்டரில் விற்ற பாட்டுப் புத்தகங்கள்தான் முதல் ஆதாரம். 'மீதியை வெள்ளித்திரையில் காண்க' என்று கதைச் சுருக்கம் முடியும் பக்கத்துக்கு அருகில் நடிகர் பட்டியல் இருக்கும். ஒரு புத்தகத்தில் அவர் பெயர் முதலெழுத்துடன் நடிகர்களிடையே இருக்கிறது. இன்னொன்றில் முதலெழுத்து இல்லாமல் ஒப்பனைப் பிரிவில். பார்ப்பவர் இரண்டு ஆட்கள் என்றே நினைப்பார். பல படங்களில் பெயரே இல்லை. அங்கெல்லாம் படத்தின் பிரதியை நிறுத்தி நிறுத்திப் பார்த்து முகத்தை அடையாளம் காண வேண்டியிருந்தது. பாட்டுப் புத்தகங்களைத் தேடிச் சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்துக்குப் போய்வந்த செலவைத்தான் செயற்குழுவில் கேள்வி கேட்டார்கள். 'வயதானவர் சொல்வதையெல்லாம் எழுதிக்கொள்வதா?' என்றும் ஒருவர் கேட்டார். அவர் சொன்னதை மட்டும் நம்பி ஒரு வேடத்தையும் நான் பட்டியலில் ஏற்றவில்லை. அச்சிலோ திரையிலோ சான்று இருந்தால் மட்டுமே ஏற்றினேன். சான்று கிடைக்காதவை தனித்தாளில் இருக்கின்றன, விரும்புவோர் பார்க்கலாம்.

பெரியவருக்கு நடத்திய பாராட்டுக் கூட்டத்தைப் பற்றிச் சொல்லாமலிருக்க முடியவில்லை. வருவதாகச் சொன்னவர்களில் பாதிப் பேர்கூட வரவில்லை. அன்று மாலை கிரிக்கெட் இருந்ததை நானும் அறிவேன். அவர் ஒரு குறையும் சொல்லாமல், தாமே பழைய முறையில் ஒரு மீசையை ஒட்டிக்காட்டிவிட்டுப் போனார். வந்திருந்த சிறுவர்கள் அதைப் பிய்த்துப் பார்க்க வரிசையில் நின்றார்கள்.

கணக்கைப் பொறுத்தவரை, வரவும் செலவும் ஏறக்குறைய சமம். சிறு பற்றாக்குறையைத் தலைவர் தற்காலிகமாக ஏற்றுள்ளார். விவரம் பொருளாளரிடம் உள்ளது. சந்தா பாக்கி வைத்திருப்போரின் பெயர்களைப் படிக்கவேண்டாம் என்று தலைவர் கேட்டுக்கொண்டார். படிக்கவில்லை. அவர்களில் மூவர் செயற்குழுவில் இருக்கிறார்கள் என்பதோடு நிறுத்திக்கொள்கிறேன்.

அரங்கை வாடகையின்றித் தந்த பள்ளி நிர்வாகத்துக்கும், ஒலிபெருக்கி அமைத்தவருக்கும், தேநீர் வழங்கிய நண்பருக்கும் நன்றி.

வரும் ஆண்டில் இப்பொறுப்பை வேறொருவர் ஏற்றால் மகிழ்ச்சியுடன் ஒப்படைப்பேன். ஏற்பவர் பட்டியலையும் தொடர வேண்டும். பெரியவரின் நினைவு இப்போது தெளிவாக இருக்கிறது, நாம் காத்திருக்க முடியாது. ஒருவரும் முன்வராவிட்டால் நானே தொடர்வேன், ஆனால் கைக்காசில் அல்ல. வீட்டுப் பரணில் பழைய பாட்டுப் புத்தகம் வைத்திருப்போர் இரவலாகவாவது தாருங்கள். ரசீதுப் புத்தகத்துடன் பொருளாளர் வாசலருகே அமர்ந்திருக்கிறார்.

இப்படிக்கு,
செயலாளர்