எட்டில் அது இல்லை

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுவது. உங்கள் கல்லூரி மலருக்காக மாணவன் ஒருவன் எழுதி, பதிப்பாசிரியரான நீ எனக்கு அனுப்பிய கவிதையையும், அதன் ஓரத்தில் உங்கள் கல்லூரி முதல்வர் சிவப்பு மையில் எழுதியிருந்த குறிப்பையும் வாசித்தேன். போனில் பேசினால் உன் அம்மா நடுவில் புகுந்து, வேலைக்கு ஆபத்து வரும் என்று என் வாயை அடைத்துவிடுவாள். அதனால்தான் கடிதம்.

பையன் நன்றாக எழுதியிருக்கிறான். ஊர்த் தேநீர்க் கடையில் எல்லாருக்கும் கண்ணாடி டம்ளர், தன் பாட்டிக்கு மட்டும் கொட்டாங்குச்சி. குடித்து முடித்ததும் அவளே அதைக் கழுவிக் கூரை இறவாணத்தில் செருகிவைத்துவிட்டுப் போவாள். மறுநாள் அங்கிருந்தே எடுத்துக்கொள்வாள். செருகிவைத்ததைச் சொல்லும் இடத்தில் நான் கொஞ்ச நேரம் நின்றுவிட்டேன். முதல்வரும் அங்கேதான் நின்றிருக்கிறார். அடிக்கோடு போட்டு, 'சிலரின் மனம் புண்படும், நீக்கவும்' என்று எழுதிவிட்டார். ஆனால் சிவப்பு மை பட வேண்டிய இடம் அதற்கு நாலு வரி தள்ளி இருக்கிறது. அதை அவர் கவனிக்கவில்லை. நீயும் கவனித்ததாகத் தெரியவில்லை. அதைப் பிறகு சொல்கிறேன்.

கருத்துச் சுதந்திரத்துக்கு எல்லை உண்டா, உண்டென்றால் அதை வகுப்பது யார் என்று கேட்டிருக்கிறாய். எல்லை உண்டு. அது எழுத்திலும் இருக்கிறது. அரசமைப்புச் சட்டத்தின் 19ஆவது பிரிவில் முதல் உட்பிரிவு பேசவும் எழுதவும் உரிமை தருகிறது. இரண்டாவது உட்பிரிவு அதைக் கட்டுப்படுத்தக்கூடிய காரணங்களைச் சொல்கிறது. நாட்டின் இறையாண்மையும் ஒருமைப்பாடும், அரசின் பாதுகாப்பு, அயல்நாடுகளோடு நட்புறவு, பொது ஒழுங்கு, கண்ணியம் அல்லது ஒழுக்கம், நீதிமன்ற அவமதிப்பு, அவதூறு, குற்றம் செய்யத் தூண்டுதல். மொத்தம் எட்டு. விரல் விட்டு எண்ணிப் பார். யாரோ ஒருவருடைய மனம் புண்படுவது இந்த எட்டில் இல்லை.

இந்தப் பட்டியல் நீண்ட கதையில் நம் ஊருக்கும் பங்குண்டு. பம்பாயிலிருந்து வந்த 'கிராஸ் ரோட்ஸ்' என்ற வாரப் பத்திரிகை சென்னை மாகாணத்துக்குள் நுழையக்கூடாது என்று இங்கிருந்த அரசு தடை போட்டது. அதை நடத்திய ரொமேஷ் தாப்பர் உச்ச நீதிமன்றத்துக்குப் போனார். 1950 மே மாதம் தடை செல்லாது என்று தீர்ப்பு வந்தது. எழுதியவர் நம் சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதியாக இருந்த பதஞ்சலி சாஸ்திரி. தில்லி அரசு அதைத் தாங்கிக்கொள்ளவில்லை. மறு ஆண்டே முதல் திருத்தம் கொண்டுவந்து பொது ஒழுங்கு உள்ளிட்ட புதிய காரணங்களைச் சேர்த்துக்கொண்டது. நல்லவேளை, கட்டுப்பாடு 'நியாயமானதாக' இருக்க வேண்டும் என்றும் சேர்த்தே எழுதியது. இறையாண்மை என்பது 1963இல் வந்தது, தி.மு.க.வின் திராவிட நாடு கோரிக்கை காதில் ஒலித்துக்கொண்டிருந்த காலம். இப்படி ஒவ்வொன்றையும் நாடாளுமன்றத்தில் வாதாடித்தான் சேர்க்க வேண்டியிருந்தது. உங்கள் முதல்வர் ஒன்பதாவது ஒன்றை ஓரக்குறிப்பில் சேர்த்துவிட்டார்!

மதத்தையோ சாதியையோ சீண்டினால் தனிச் சட்டம் இருக்கிறதே என்று அவர் கேட்கலாம். இருக்கிறது. பழைய தண்டனைச் சட்டத்தின் 295ஏ, 153ஏ. இப்போது பாரதிய நியாய சன்ஹிதா என்ற புதிய சட்டத்தில் 299, 196. ஆனால் 295ஏ செல்லும் என்று 1957இல் சொன்ன உச்ச நீதிமன்றமே, வேண்டுமென்றும் தீய நோக்கத்தோடும் மத உணர்வைச் சீண்டினால்தான் அது குற்றம் என்று தெளிவாக்கிவிட்டது. பாட்டி எதில் தேநீர் குடித்தாள் என்று சொல்வதில் என்ன தீய நோக்கம்? அவளுக்குக் கொட்டாங்குச்சியில் ஊற்றியதுதான் குற்றம். தீண்டாமையை ஒழித்த அரசமைப்பின் 17ஆவது பிரிவும், தீண்டாமைக்குத் தண்டனை தரும் 1955ஆம் ஆண்டுச் சட்டமும் அதைத்தான் சொல்கின்றன. நடந்த குற்றத்தைச் சொன்னவனைப் பார்த்து வாயை மூடு என்கிறார்கள்.

'கலவரம் வந்தால் யார் பொறுப்பு?' என்று தாளாளர் கேட்டதாக எழுதியிருந்தாய். இந்தக் கேள்விக்கும் நம் ஊர் வழக்கிலேயே பதில் இருக்கிறது. 'ஒரே ஒரு கிராமத்திலே' என்ற படம் இட ஒதுக்கீட்டைக் குறை சொல்கிறது என்று எதிர்ப்பு கிளம்பி, சென்னை உயர் நீதிமன்றம் அதன் தணிக்கைச் சான்றிதழை ரத்து செய்தது. இட ஒதுக்கீடு விஷயத்தில் நான் எந்தப் பக்கம் என்பது உனக்குத் தெரியும். ஆனாலும் 1989இல் உச்ச நீதிமன்றம் அந்தப் படத்துக்குச் சான்றிதழைத் திருப்பிக் கொடுத்தது சரி என்றுதான் இன்றைக்கும் சொல்வேன். ஆர்ப்பாட்டம் நடக்கும், வன்முறை வரும் என்று யாரோ மிரட்டுவதற்காகப் பேச்சை நிறுத்த முடியாது. மிரட்டுகிறவர்களை அடக்குவது அரசின் வேலை என்றார்கள். வெடிமருந்துப் பீப்பாயில் விழும் பொறிபோல, பேச்சுக்கும் ஆபத்துக்கும் நேரடித் தொடர்பு இருந்தாலொழியத் தடுக்கக்கூடாது என்றார்கள்.

தீர்ப்பு அப்படி இருந்தும் 'மாதொருபாகன்' நாவலுக்கு என்ன நடந்தது? திருச்செங்கோட்டில் 2014 டிசம்பரில் புத்தக எரிப்பு, 2015 ஜனவரியில் கடையடைப்பு. அமைதிப் பேச்சு என்று நாமக்கல் ஆட்சியர் அலுவலகத்துக்கு அழைத்து, அதை எழுதிய பெருமாள்முருகனை நிபந்தனையற்ற மன்னிப்புக் கடிதத்தில் கையெழுத்துப் போடவைத்தார்கள். வீட்டுக்குப் போனவர், எழுத்தாளன் பெருமாள்முருகன் செத்துவிட்டான் என்று எழுதினார். அன்று கூட்டத்தை அடக்குவது எளிதா, ஓர் ஆசிரியரை அடக்குவது எளிதா என்று கணக்குப் போட்டிருக்கிறார்கள். 2016 ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றத்தின் தலைமை நீதிபதி சஞ்சய் கிஷன் கௌலும் நீதிபதி புஷ்பா சத்தியநாராயணாவும் அந்த ஒப்பந்தம் அவரைக் கட்டுப்படுத்தாது என்றார்கள். பிடிக்கவில்லையா, புத்தகத்தைத் தூக்கிப் போடு, படிக்கச் சொல்லி யாரும் கட்டாயப்படுத்தவில்லை என்றார்கள். எனக்கு அதில் சந்தோஷம்தான். ஆனால் நடுவே ஒன்றரை ஆண்டு போய்விட்டதே, அதை எந்த நீதிமன்றம் திருப்பித் தரும்?

கவிதை என்பதால் இன்னொன்று. 2025 மார்ச்சில், ஒரு கவிதைக்காகக் குஜராத் போலீஸ் ஒரு நாடாளுமன்ற உறுப்பினர்மேல் போட்ட வழக்கை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. எதிலும் ஆபத்தைப் பார்த்து நடுங்குகிறவரை வைத்து ஒரு சொல்லை எடைபோடக்கூடாது. திடமான, துணிச்சலான மனிதரை வைத்துத்தான் எடைபோட வேண்டும் என்றது. முடிந்தால் உங்கள் முதல்வரிடம் இதைச் சொல். கோபமாகச் சொல்லாதே. அவரும் சம்பளத்துக்கு வேலை பார்க்கிறவர்தான்.

இத்தனை சொன்ன பிறகு ஒன்றையும் சொல்லிவிட வேண்டும். இந்தத் தீர்ப்புகளைக் காட்டி நீ தாளாளர்மேல் வழக்குப் போட்டால் அது எளிதில் நிற்காது. 19ஆவது பிரிவு முதன்மையாக அரசின் கையைத்தான் கட்டுகிறது. தனியார் கல்லூரி, மலர் அவர்களுடையது, காகிதச் செலவும் அவர்களுடையது. ஆகவே உனக்கு வேண்டியது வக்கீல் இல்லை, பேச்சுத் திறமை.

இப்போது அந்த நாலு வரி தள்ளி இருக்கும் இடத்துக்கு வருகிறேன். இன்று அந்தக் கடையை நடத்துகிறவரின் பெயரைப் போட்டு, அவர் ஊர்ப் புறம்போக்கை விழுங்கியவர் என்று பையன் எழுதியிருக்கிறான். அம்மாடி, அச்சகம் நடத்தியவன் கண்ணுக்கு முதலில் படுவது இதுதான். உயிரோடு இருக்கும் ஒருவர், பெயர் இருக்கிறது, ஊர் இருக்கிறது, குற்றச்சாட்டு இருக்கிறது, ஆதாரம் இல்லை. எட்டில் ஏழாவதாக நான் எழுதிய அவதூறு இதுதான். புதிய சட்டத்தில் 356ஆவது பிரிவு. இரண்டு ஆண்டு வரை சிறை. எழுதியவன் மட்டுமல்ல, தெரிந்தே அச்சடித்தவனும் மாட்டுவான். உண்மை என்று காட்டினால் மட்டும் போதாது, பொது நன்மைக்காகச் சொன்னது என்றும் காட்ட வேண்டும். அவதூறுக்குச் சிறை எதற்கு, நஷ்ட ஈடு போதாதா என்பது என் கட்சி. 2016இல் உச்ச நீதிமன்றம் சிறையும் இருக்கட்டும் என்று சொல்லிவிட்டது. இருக்கிற சட்டத்தில்தான் நாம் வாழ்கிறோம்.

பையனைக் கூப்பிட்டுக் கேள். வருவாய்த் துறைப் பதிவேட்டிலோ நீதிமன்ற உத்தரவிலோ அந்த ஆக்கிரமிப்பு இருக்கிறதா? இருந்தால் தாராளமாகப் போடலாம். 1994இல் நக்கீரன் வழக்கில், பொது ஆவணத்தில் இருப்பதை வெளியிடத் தடையில்லை என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. இல்லையென்றால் அந்த வரி வேண்டாம். அது போனால் கவிதைக்கு ஒரு நஷ்டமும் இல்லை. பாட்டியிடமிருந்து நம் கண்ணைத் திருப்பி நிலத் தகராறுக்கு இழுத்துப்போகிறது அந்த வரி.

நான் டிரெடில் அச்சு இயந்திரம் ஓட்டிய காலத்தில் காலையில் கும்பாபிஷேக நோட்டீஸ், மாலையில் கடவுள் மறுப்புக் கூட்ட நோட்டீஸ், இரண்டுக்கும் ஒரே மை. இரு தரப்பும் என்னைத் திட்டியது உண்டு. நான் மறுத்தது மொட்டை நோட்டீஸை மட்டும்தான். 1996 உள்ளாட்சித் தேர்தலின்போது ஒருவர் இரவில் வந்து, எதிர்த்து நிற்கும் பெண்ணின் நடத்தையைப் பற்றி எழுதிய தாளை நீட்டினார். கூலி இரட்டிப்பு, அடியில் அச்சகத்தின் பெயர் மட்டும் வரக்கூடாது என்றார். அப்போது 1867ஆம் ஆண்டுச் சட்டம் இருந்தது. அச்சிட்டவர் பெயரும் இடமும் இல்லாமல் ஒரு துண்டுத் தாள்கூட வெளியே போகக்கூடாது. 'உங்கள் பெயரையும் போடுகிறேன், என் பெயரையும் போடுகிறேன், சம்மதமா?' என்று கேட்டேன். தாளை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு போய்விட்டார். மறுநாள் காலையில் அது பஸ் நிலையச் சுவரில் இருந்தது. வேறு யாரோ அடித்துக் கொடுத்திருக்கிறார்கள்.

ஆனால் பையன் விஷயத்தில் பெயர் போட்டே ஆக வேண்டும் என்று பிடித்துக்கொண்டு நிற்க மாட்டேன். அவன் அந்த ஊருக்குத்தான் திரும்பிப் போக வேண்டும். தீர்ப்பு நகலைக் கையில் வைத்துக்கொண்டு பஸ்ஸிலிருந்து இறங்க முடியாது. புனைபெயரில் வரட்டும் என்று அவன் விரும்பினால் சரி. எழுதியவன் யார் என்று பதிப்பாசிரியரான உனக்குத் தெரியுமே, பொறுப்புக்கு அது போதும். அந்த முடிவு அவனுடையது. பயந்துபோய் நீயே எடுத்துவிடாதே.

நிர்வாகம் ஒப்புக்கொள்ளாவிட்டால் பக்கத்தை வெற்றாக விடலாமா என்று கேட்டிருந்தாய். நெருக்கடி நிலையின்போது பத்திரிகைகள் அப்படிச் செய்தன. முரசொலி இன்னும் சாமர்த்தியமாக, 1976 பிப்ரவரியில் அண்ணா நினைவு நாளன்று அண்ணா சதுக்கத்துக்கு வர இயலாதவர்கள் என்று ஒரு பெயர்ப் பட்டியலைப் போட்டது. யார் யார் கைதாகி உள்ளே இருக்கிறார்கள் என்று ஊருக்கே தெரிந்துவிட்டது. அது தணிக்கை அதிகாரி உட்கார்ந்திருந்த காலத்துக்கான உத்தி. கல்லூரி மலரில் வெற்றுப் பக்கம் விட்டால் அச்சுப்பிழை என்றுதான் நினைப்பார்கள். முதலில் பேசிப் பார். ஒப்புக்கொள்ளாவிட்டால் கவிதையைப் பையனிடமே கொடுத்து வேறு இதழுக்கு அனுப்பச் சொல். பாதி வெட்டிய கவிதையை மட்டும் அவன் பெயரில் போட்டுவிடாதே.

அவனைக் கேட்காமல் ஒரு காற்புள்ளியைக்கூடத் தொடாதே. ஒன்றுக்கு மட்டும் விலக்கு: மூன்று இடத்தில் 'தேனீர்' என்று தட்டச்சு ஆகியிருக்கிறது. 'தேநீர்' என்று திருத்திவிடு, அதற்கு யாருடைய அனுமதியும் வேண்டாம்.

அன்புடன்,
அப்பா