கலங்கல் இல்லாத ஏரி

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் அர்ஜென்டினாவில் ஏரித் தண்ணீரில் மூழ்கிப்போன வில்லா எபெக்குவென் என்ற ஊரைப் பற்றி வந்த படக்கட்டுரையை இரண்டு முறை வாசித்தேன். படங்கள் மனதைப் பிசைந்தன. ஆனால் 'இயற்கையின் சீற்றத்தில் அழிந்த ஊர்' என்ற தலைப்பை மட்டும் ஏற்க முடியவில்லை. முப்பது வருஷம் ஏரிகளில் வேலை பார்த்தவன் நான்.

எபெக்குவென் ஏரி, ஒன்று நிரம்பி அடுத்ததற்கு வழியும் தொடர் ஏரிகளில் கடைசி. அதற்குக் கலங்கல், அதாவது மிச்சத் தண்ணீர் வழிந்து வெளியேறும் வழி, கிடையாது. வந்த தண்ணீர் வெயிலில் வற்றினால்தான் உண்டு. அப்படி வற்றி வற்றித்தான் கடலைவிடப் பல மடங்கு உப்பு அதில் சேர்ந்தது. அந்த உப்புத் தண்ணீரில் குளித்தால் மூட்டுவலியும் தோல் நோயும் தீரும் என்று நம்பி ஜனங்கள் வந்தார்கள். 1921-இல் முதல் குளியல் விடுதி திறந்தது. தலைநகர் ப்யூனஸ் அயர்ஸ் 500 கிலோமீட்டருக்கும் அப்பால். சர்மியென்டோ ரயில் மட்டும் ஊர்வரை வராதிருந்தால் அந்த ஊரே எழுந்திருக்காது. குடியிருந்தவர்கள் சுமார் 1,500 பேர்தான். ஒரு கோடைக்கு வந்துபோனவர்கள் 25,000 பேர் என்கிறார்கள்.

சரி, கட்டுரை தாண்டிப்போன இடத்துக்கு வருகிறேன். மழை பொய்த்த வருஷங்களில் ஏரி சுருங்கியது. குளிக்கத் தண்ணீர் இல்லாவிட்டால் ஊருக்குப் பிழைப்பு ஏது? 1970-களில் அமெகினோ கால்வாயை வெட்டி, அதுவரை வராத ஓடைகளின் நீரையும் இந்தத் தொடருக்குத் திருப்பினார்கள். வரத்தைக் கூட்டினால் அதை அடக்க மதகு வேண்டும், மிச்சத்தை வெளியேற்ற வழி வேண்டும். 1976-இல் ராணுவம் ஆட்சியைப் பிடித்த பிறகு அந்த வேலைகள் கிடப்பில் போய்விட்டன. அப்புறம் 1980-களில் நல்ல மழை. தண்ணீர் ஏற ஏற, ஊருக்கு முன்னால் மண்கரையைத்தான் உயர்த்தினார்கள். வெளியேற வழியில்லாத தண்ணீருக்கு எதிரே கரையை மட்டும் உயர்த்தினால் என்ன ஆகும் என்பதை எந்த ஏரிப் பாசனக்காரரைக் கேட்டாலும் சொல்வார்.

1985 நவம்பரில், பலத்த காற்றில், கரை உடைந்தது. அங்கே நவம்பர் கோடையின் வாசல்; விடுதிகள் சீசனுக்குக் காத்திருந்த நேரம். யாரும் சாகவில்லை. தண்ணீர் மெதுவாக ஏறியதால் சாமான்களை அள்ளிக்கொண்டு வெளியேற அவகாசம் கிடைத்தது. ஆனால் அது வடியவில்லை. வருஷக்கணக்கில் ஏறி 10 மீட்டர்வரை போனது. பக்கத்து ஊரான கார்வேயின் மயானம்கூட மூழ்கியது.

இருபது வருஷத்துக்கு மேல் கழித்து வடிந்தபோது வெளியே வந்ததைத்தான் நீங்கள் படமாகப் போட்டிருந்தீர்கள். உப்பில் வெளுத்துப் பட்டையில்லாமல் நிற்கும் மரங்கள். மேலே மாடியே இல்லாத மாடிப்படி. கட்டடக் கலைஞர் ஃபிரான்சிஸ்கோ சலமோனே 1930-களில் கட்டிய இறைச்சிக்கூடத்தின் கோபுரம் இன்னும் நிற்கிறது. பழைய ரயில் நிலையம் இப்போது ஊரின் கதை சொல்லும் காட்சியகம். தண்ணீர் வடிந்ததும் திரும்பி வந்து, அந்த இடிபாடுகளோடு தனியாக வாழ்ந்த முதியவர் 2024 ஜனவரியில் காலமானார். உங்கள் கட்டுரையில் அவர் இல்லாதது எனக்கு வருத்தம்.

இதைத் தொகுப்பாக வெளியிடும் எண்ணம் இருப்பதாக எழுதியிருந்தீர்கள். அப்போது தலைப்பை மாற்றுங்கள். பாதியில் நின்றுபோன வேலைகளைப் பற்றி இரண்டு வரியாவது சேருங்கள்.

இப்படிக்கு,
பொதுப்பணித் துறை ஓய்வூதியர்,
செங்கல்பட்டு மாவட்டம்