பிணம் கிடக்கிறது என்பதற்காகப் புத்தகத்தை மூடிவிடாதீர்கள்

இலக்கிய விருதுகளுக்கு நூல் தேர்வு செய்யும் நடுவர் பெருமக்களுக்கு,

வணக்கம்.

"நல்லாத்தான் எழுதியிருக்காரு, ஆனா க்ரைம் நாவலாச்சே!" உங்கள் வட்டாரத்தில் அடிக்கடி காதில் விழும் பேச்சு இது. அத்தோடு அந்த நாவலின் கதை முடிந்தது. அடுத்த புத்தகத்துக்குப் போய்விடுகிறீர்கள். உங்கள் தயக்கம் எனக்குப் புரியாமல் இல்லை. பேருந்து நிலையக் கடைகளில் தொங்கிய மாத நாவல்களைப் படித்து வளர்ந்தவன் நான். அவற்றை இளக்காரமாகப் பேச மனம் வராது. விருதை மனதில் வைத்து எழுதப்பட்டவை அல்ல அவை என்பதும் தெரியும். கொலை, போலீஸ், தடயம் என்று வந்துவிட்டாலே எதையும் அந்தக் கட்டில் சேர்த்துக் கட்டிவிடுகிறீர்களே, அதுதான் என் புகார். அதற்கு அர்ஜென்டினாவிலிருந்து ஒரு சாட்சியைக் கூட்டி வருகிறேன்.

கிளாவுதியா பின்யெய்ரோ. 1960இல் புவெனஸ் ஐரிஸ் மாகாணத்தின் புர்சாகோ என்ற ஊரில் பிறந்தவர். படித்தது கணக்கியல். நாவலாசிரியராகப் பெயரெடுப்பதற்கு முன் கணக்காளராக வேலை பார்த்தவர். இதை வெறும் துணுக்குச் செய்தியாகத் தள்ளிவிட வேண்டாம். அவர் நாவல்களைப் படித்தால் தெரியும், கொலையாளி யார் என்பதைவிட யார் யாருக்கு எவ்வளவு பாக்கி, யார் கடன் யார் தலையில் விடிந்தது என்பதில்தான் அவருக்குக் குறி.

2005இல் 'கிளாரின்' நாளிதழின் நாவல் பரிசு அவருடைய 'வியாழக்கிழமை விதவைகள்' நாவலுக்குக் கிடைத்தது. நடுவர் குழுவில் இருந்தவர்களில் ஒருவர் போர்ச்சுகீசிய எழுத்தாளர் ஜோசே சரமாகோ. நோபல் வாங்கி ஏழு ஆண்டுகள் ஆகியிருந்த மனிதர். கதையின் தொடக்கத்திலேயே நீச்சல் குளத்தில் மூன்று பிணங்கள்! 'பிணம் இருக்கிறதே' என்று அவர் கையெழுத்துப் பிரதியை ஓரம் வைக்கவில்லை.

அந்த மூன்று ஆண்களும் இறப்பது 2001 செப்டம்பரில். இடம், தலைநகருக்கு வெளியே மதில் எழுப்பி, வாசலில் காவல் போட்டு, உள்ளே கோல்ஃப் மைதானமும் புல்வெளியுமாக வாழும் ஒரு பணக்காரக் குடியிருப்பு. பிணங்களைக் காட்டிவிட்டுக் கதை தொண்ணூறுகளுக்குத் திரும்புகிறது. அந்நாட்டு நாணயமான பெசோ ஒன்றுக்கு ஒரு டாலர் என்று அரசே கட்டிப்போட்டிருந்த காலம். நாடே வசதியாக இருப்பதுபோல ஒரு மயக்கம். பிறகு ஒவ்வொருவராக வேலை இழக்கிறார்கள். அதைப் பக்கத்து வீட்டுக்குத் தெரியாமல் மறைக்கிறார்கள். வேலை போன பிறகும் விருந்து நடக்கிறது, வேலைக்காரப் பெண் வருகிறாள், புல்வெளிக்குத் தண்ணீர் பாய்கிறது. ஆயுள் காப்பீடும் கதைக்குள் வருகிறது, அதற்கு மேல் நான் சொல்லப்போவதில்லை. நாவலில் அந்த மூவர் இறந்து மூன்று மாதம் கழித்து, நிஜ அர்ஜென்டினாவில் வங்கிக் கணக்குகள் முடக்கப்பட்டன. மக்கள் தட்டையும் பாத்திரத்தையும் தட்டிக்கொண்டு தெருவுக்கு வந்தார்கள். ஜனாதிபதி தெ லா ருவா மாளிகைக் கூரையிலிருந்து ஹெலிகாப்டரில் கிளம்பிப் போனார். இதைப் பொருளாதார அறிஞர்கள் தடித்தடிப் புத்தகங்களில் விளக்கியிருக்கிறார்கள். பணம் தீர்ந்துபோன ஒரு வீட்டுக்குள் கணவனும் மனைவியும் எப்படிப் பேசிக்கொள்வார்கள் என்பது எனக்கு இந்தக் 'க்ரைம்' நாவலில்தான் கிடைத்தது.

நான் உங்களை உட்காரவைத்துப் படிக்கச் சொல்ல விரும்புவது 2007இல் வந்த 'எலெனாவுக்குத் தெரியும்'. சின்ன நாவல். எலெனாவுக்கு அறுபதைத் தாண்டிய வயது, பார்கின்சன் நோய். மகள் ரீத்தா தேவாலய மணிக்கூண்டில் தூக்கில் தொங்கியபடி கிடைத்தாள். தற்கொலை என்று போலீஸ் கோப்பை மூடிவிட்டது, பாதிரியாரும் தலையாட்டிவிட்டார். எலெனா ஒப்புக்கொள்ளவில்லை. அன்று மழை. இடி விழும் என்ற பயத்தில் மழை நாளில் ரீத்தா அந்தத் தேவாலயத்தின் பக்கமே போகமாட்டாள். அம்மாவுக்குத் தெரியாதா? ஆகவே தனக்காகத் துப்பறியக் கூடிய ஒரே ஆளைத் தேடி, பழைய நன்றிக்கடன் ஒன்றை வசூலிக்க, புறநகரிலிருந்து நகரத்துக்கு ரயில் ஏறுகிறாள்.

கதை நடப்பது ஒரே நாளில். அந்த நாளை அளப்பது கடிகாரம் இல்லை, மாத்திரை. லெவோடோபா என்ற பார்கின்சன் மருந்தை விழுங்கி, அது உடம்பில் இறங்கும்வரை கால் நகராது. மூளை கட்டளையிடுகிறது, பாதம் கேட்க மறுக்கிறது. காத்திருக்கும் நேரத்தில் தெருப்பெயர்களை வரிசையாகவும் பிறகு தலைகீழாகவும் முணுமுணுக்கிறாள், ஜெபம்போல. கழுத்து நிமிராததால் அவள் கண்ணில் படுவதெல்லாம் தரையும் அடுத்தவர் செருப்பும்தான். துப்பறிவாளருக்குக் கூர்மையான பார்வை வேண்டும் என்பது இந்த வகை எழுத்தின் எழுதாத சட்டம். பின்யெய்ரோ தன் துப்பறிவாளரின் தலையையே குனியவைத்துவிட்டார். இதைவிட ஒரு துணிச்சலான வடிவ முடிவை, நீங்கள் பரிசு கொடுத்த பரிசோதனை நாவல்களில் எத்தனையில் பார்த்தீர்கள்?

முடிவைத் தொடாமல் இந்த நாவலைப் பேச முடியாது, மன்னியுங்கள். எலெனா தேடிப்போகும் இசபெல், இருபது ஆண்டுகளுக்கு முன் கருக்கலைப்புக்காக ஒரு வீட்டு வாசலில் நின்றவள். ரீத்தாதான் அவளைத் தடுத்து வீட்டுக்குத் திருப்பி இழுத்துப் போனாள். எலெனா குடும்பத்தின் கணக்கில் அது அவர்கள் செய்த உபகாரம். ஆண்டுதோறும் இசபெல் வீட்டிலிருந்து குடும்பப் படத்தோடு வாழ்த்து வேறு வந்துகொண்டிருந்தது. இசபெலின் கணக்கு வேறு. வரவு என்று தாய் நம்பியிருந்ததெல்லாம் பற்று என்று அந்த வரவேற்பறையில் தெரியவருகிறது. யார் கொன்றது என்று கேட்டுக்கொண்டு வந்தவள், இன்னொருத்தியின் உடம்பு யாருக்குச் சொந்தம் என்ற கேள்விக்கு முன் உட்கார்ந்திருக்கிறாள். எலெனாவின் உடம்போ அவள் சொல்பேச்சே கேட்பதில்லை. நோயும் வழக்கும் வாதமும் இங்கே ஒரே முடிச்சு. துப்பறியும் வடிவத்தை உருவிவிட்டால் மிஞ்சுவது ஒரு பிரசங்கமாகத்தான் இருக்கும்.

அந்த நாவல் வெளிவந்தபோது அர்ஜென்டினாவில் கருக்கலைப்பு பெரும்பாலும் குற்றம். 2018இல் சட்டத்திருத்தம் விவாதத்துக்கு வந்தபோது பின்யெய்ரோ நாடாளுமன்றத்தில் போய்ப் பேசினார். கீழவையில் தேறிய மசோதா செனட்டில் தோற்றது. 2020 டிசம்பர் 30 அன்றுதான் அனுமதிக்கும் மசோதா செனட்டிலும் தேறியது. அதே ஆண்டு வெளிவந்த அவருடைய 'பேராலயங்கள்' நாவல், பக்தி நிறைந்த ஒரு குடும்பத்தில் பதினேழு வயதுப் பெண் எரிந்த பிணமாகக் கிடைத்து முப்பது ஆண்டுகள் கழித்தும் வாய் திறக்காத வீட்டைப் பற்றியது. அதற்கு மறு ஆண்டு ஸ்பெயினின் ஹிஹோன் நகரில், குற்றப் புனைவுக்குத் தரும் ஹாமெட் பரிசு கிடைத்தது. அரசியலும் மதபோதகமும் கைகோத்து நடப்பதைக் காட்டும் தொலைக்காட்சித் தொடர் ஒன்றை அவர் இணைந்து எழுதியபோது, சுவிசேஷ சபைகளின் கூட்டமைப்பு அவர் பெயரைச் சொல்லியே கண்டன அறிக்கை விட்டது. பொழுதுபோக்கு எழுத்து என்று நீங்கள் ஒதுக்குவதை அவர்கள் அவ்வளவு லேசாக எடுத்துக்கொள்ளவில்லை.

அவர் எழுதியதெல்லாம் பொன் என்று நான் வாதாடவில்லை. 'பெத்திபூ' என்ற அவருடைய நாவலில் ஓரங்கட்டப்பட்ட குற்றச்செய்தியாளரும் கூகுளை நம்பிப் பிழைக்கும் இளைஞனும் மல்லுக்கட்டும் பத்திரிகை அலுவலகக் காட்சிகள் அருமை. கொலைகளின் முடிச்சு அவிழும் இடம் எனக்கு ஒட்டவில்லை. அப்படிப் படித்துவிட்டு நிராகரியுங்கள், தாராளமாக. அது விமர்சனம்.

2022இல் கீதாஞ்சலி ஸ்ரீயின் இந்தி நாவல் சர்வதேச புக்கர் வென்றதை எல்லோரும் கொண்டாடினோம். அந்த ஆண்டின் ஆறு நூல் இறுதிப் பட்டியலில் எலெனாவும் இருந்தாள். எழுதி பதினைந்து ஆண்டு ஆன ஒரு குற்றப் புனைவு, கீதாஞ்சலி ஸ்ரீக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தது. அங்கே யாருக்கும் அது உறுத்தவில்லை.

ஆகவே என் கோரிக்கைகள். ஆரம்பச் சுற்றில் நூல்களைப் பிரிக்கும்போது பின்னட்டையை மட்டும் படித்து ஒதுக்காதீர்கள். முதல் ஐம்பது பக்கமாவது படியுங்கள். குழுவில் ஒருவராவது இந்த வகை எழுத்தை விரும்பிப் படிப்பவராக இருக்கட்டும். அவர்தான் இதில் எது புளித்த மாவு, எது புதுசு என்று உங்களுக்குச் சொல்வார். நிராகரிக்கும் குறிப்பில் "வகைமை காரணமாக" என்று எழுதுவதை நிறுத்திவிட்டு, எந்த அத்தியாயம் எங்கே சறுக்கியது என்று எழுதுங்கள். தயவுசெய்து 'சிறந்த துப்பறியும் நாவல்' என்று தனியாக ஒரு ஆறுதல் பரிசை மட்டும் ஏற்படுத்திவிடாதீர்கள். பொதுப் பட்டியலில் நிறுத்தித் தோற்கடியுங்கள், போதும்.

இப்படிக்கு,
ஒரு வாசகன்