டி. பி. ராஜலட்சுமியின் படப் பெட்டியும் பாட்டுப் புத்தகமும் வைத்திருப்போருக்கு ஒரு திறந்த மடல்

அன்புடையீர்,

பரணில் பழைய பாட்டுப் புத்தகக் கட்டு கிடக்கும் வீட்டாருக்கும், மூடிக் கிடக்கும் கொட்டகைகளின் வாரிசுகளுக்கும், கிராமபோன் தட்டு சேர்ப்பவர்களுக்கும், எடைக்குக் காகிதம் வாங்கும் கடைக்காரர்களுக்கும் இதை எழுதுகிறோம்.

1931 அக்டோபர் 31 அன்று சென்னை கினிமா சென்ட்ரல் கொட்டகையில் தமிழின் முதல் பேசும் படமான 'காளிதாஸ்' வெளியானது. பம்பாயில் எடுத்த படம். கதாநாயகன் பி. ஜி. வெங்கடேசன் தெலுங்கில் பேசினார். தமிழில் பேசியும் பாடியும் அதைத் தமிழ்ப் படமாக்கியவர் திருவையாற்றில் 1911இல் பிறந்த டி. பி. ராஜலட்சுமி. சிறு வயதில் கல்யாணம், அது முறிந்ததும் நாடகக் கம்பெனி, பிறகு 1929இல் 'கோவலன்' ஊமைப்படம் என்று வந்தவர். பின்னணிப் பாடகர் என்ற ஏற்பாடே இல்லாத நாளில், கடைசி வரிசைக்கும் எட்டும்படி மேடையில் பழகிய தொண்டைதான் அவருக்கு மூலதனம். 1936இல் 'மிஸ் கமலா'வுக்குக் கதை, தயாரிப்பு, இயக்கம், நாயகி வேடம் எல்லாமே அவர்தான். தென்னிந்தியாவின் முதல் பெண் இயக்குநர் என்று அவரைச் சொல்வது அந்தப் படத்தை வைத்துத்தான். 'மதுரை வீரன்' படத்தையும் அவர் இயக்கினார்.

'காளிதாஸ்' படத்தில் ஒரு அடி ஃபிலிம்கூட இன்று கைக்குக் கிடைக்கவில்லை. 'மிஸ் கமலா'வும் அப்படியே. 1964இல் அவர் காலமானார். புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் தொடங்கியதும் அதே 1964இல்தான். அதற்குள் அந்தக் காலத்துப் பிரதிகளில் பெரும்பகுதி உளுத்துப் போயிருந்தது, அல்லது வெள்ளி எடுப்பதற்காகக் கரைக்கப்பட்டிருந்தது. மிஞ்சியது எதுவானாலும் உங்களைப் போன்றவர்கள் வீட்டில்தான் இருக்க வேண்டும். ஆகவே சில வேண்டுகோள்கள்.

முதலில் ஃபிலிம், ஏனென்றால் இதில் உயிருக்கே ஆபத்து உண்டு. 1930களின் 35 மி.மீ. ஃபிலிம் எல்லாமே எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் ஃபிலிம் என்று எண்ணிக்கொள்ளுங்கள். தகரப் பெட்டியைத் திறந்ததும் நெடி அடித்தால், சுருள் பழுப்பேறிப் பிசுபிசுத்தால், நுரை கட்டியிருந்தால், அது சிதைந்துகொண்டிருக்கிறது. கடைசியில் பழுப்புத் தூளாகிவிடும். சிதைந்த நைட்ரேட் 40 டிகிரி வெயிலிலேயே தானாகப் பற்றக்கூடும். பற்றினால் தண்ணீருக்கு அடங்காது. சுருளைப் பிரிக்காதீர்கள், புரொஜெக்டரில் ஓட்டாதீர்கள், பாலிதீனில் கட்டி மூடாதீர்கள். உள்ளே கிளம்பும் அமில ஆவி வெளியேற வழியில்லாமல் போனால் அழிவு இன்னும் வேகமாகும். பஸ்ஸிலோ ரயிலிலோ எடுத்துச் செல்லவும் கூடாது. குடியிருக்கும் அறையிலிருந்தும் அடுப்பிலிருந்தும் விலகிய நிழலான இடத்தில் வைத்துவிட்டு, பெட்டியைப் படம் எடுத்துப் புனேக் காப்பகத்துக்கு எழுதுங்கள்.

ஆபரேட்டர் வெட்டிப் போட்ட துண்டு ஃபிலிமையும் குப்பை என்று நினைக்க வேண்டாம். ஒரு அடியில் 16 படச் சட்டங்கள் (ஃபிரேம்கள்) இருக்கும். பேசும் படத்தில் அது முக்கால் விநாடிகூட ஓடாது. ஆனாலும் ஒரு முகத்தையும் ஒரு செட்டையும் அடையாளம் காண அது போதும். படத்துக்கும் ஓரத் துளைகளுக்கும் நடுவே ஒரு பக்கம் மட்டும் மெல்லிய ஒலிக்கோடு ஓடினால் பேசும் படம். அந்தக் கோடு இல்லாமல் இரு பக்கத் துளைகளுக்கும் இடையே முழு அகலத்திலும் படமே நிறைந்திருந்தால் அநேகமாக ஊமைப்படம்.

பாட்டுப் புத்தகம் கிடைக்கத்தான் வாய்ப்பு அதிகம். கதைச் சுருக்கம், நடிகர் பட்டியல், ராக தாளத்தோடு பாடல்கள் என்று ஒரு படத்தின் எலும்புக்கூடு முழுவதும் அதில் இருக்கும். தாள் மட்டமானது, அமிலம் ஏறியது, மடித்தால் முறிகிற அளவுக்கு நொறுங்கும். செல்லோடேப் ஒட்டவே ஒட்டாதீர்கள். சில வருஷத்தில் அந்தப் பசை எழுத்துக்குள் இறங்கிக் கறையாகிவிடும். லேமினேஷனும் வேண்டாம், பிறகு பிரிக்கவே முடியாது. துருப்பிடித்த பின்னைப் பிடித்து இழுத்தால் தாள் கிழியும். மழுங்கிய மூங்கில் சிம்பால் அதன் கால்களை நிமிர்த்தி மெல்ல எடுங்கள். போனில் படம் எடுப்பதானால் பகல் நிழலில், ஃபிளாஷ் இல்லாமல், நேர் மேலிருந்து எடுங்கள். அட்டை, விளம்பரம், விலை, அச்சுக்கூடத்தின் பெயர் ஒன்றையும் விட வேண்டாம். ஆண்டு அச்சிடாத புத்தகத்துக்குக் காலம் கணிக்க அந்த வரிகள்தான் உதவும்.

ஒரு குழப்பம் அடிக்கடி நேர்கிறது. 'கோவலன்', 'வள்ளி திருமணம்' எல்லாம் முதலில் மேடை நாடகங்கள். அவற்றின் பாட்டுப் புத்தகங்களும் அதே பெயரில் வந்தன. ராஜலட்சுமி நடித்த 1933ஆம் வருஷத்து 'வள்ளி திருமணம்' கல்கத்தாவில் எடுத்த படம். படக் கம்பெனியின் பெயர், டைரக்டர் பெயர் இருக்கிறதா என்று பார்த்த பிறகு எதுவென்று முடிவு செய்யுங்கள்.

நாடகப் பாட்டுத் தட்டு கிடைத்தால், லேபிளில் முன்னெழுத்து இல்லாத வெறும் 'ராஜலட்சுமி'யை வைத்து இவர்தான் என்று சொல்லிவிடாதீர்கள். லேபிள் எண்ணோடு, லேபிளைச் சுற்றியுள்ள வெற்றிடத்தில் பொறித்த எண்ணையும் குறித்துக்கொள்ளுங்கள். நிமிஷத்துக்கு 78 சுற்று சுழலும் அந்தக் காலத்துத் தட்டு அரக்கால் ஆனது. ஸ்பிரிட் பட்டால் கரைந்துவிடும். வெதுவெதுப்பான வாலை நீரில் (டிஸ்டில்ட் வாட்டர்) ஒரு சொட்டு மென்மையான சோப்பு விட்டு, லேபிள் நனையாமல், தட்டில் ஊசி ஓடும் வரியின் போக்கிலேயே துடையுங்கள். பிற்கால எல்.பி. தட்டுக்கான ஊசி இதற்கு ஆகாது. அது வரியின் அடியில் உரசி இரைச்சலைத்தான் எடுக்கும்; 3 மில் (அங்குலத்தில் ஆயிரத்தில் மூன்று பங்கு) முனையுள்ள ஊசி வேண்டும். கணினியில் பதிவு செய்தால் 96 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் தரத்தில் செய்து, இரைச்சல் நீக்காத முதல் கோப்பை அப்படியே தனியாக வையுங்கள். இரைச்சலை எப்போது வேண்டுமானாலும் குறைக்கலாம், அதோடு போன குரல் திரும்பாது.

உங்கள் பொருளை எவருக்கும் தானமாகக் கொடுக்கச் சொல்லவில்லை. நகல் எடுக்க அனுமதித்தால் போதும். பாட்டுப் புத்தகத்துக்கும் தட்டுக்கும் சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தைக் கேட்டுப் பாருங்கள். யாரிடமிருந்து, எந்த ஊரில் கிடைத்தது என்று தனித் துண்டில் பென்சிலால் எழுதிச் சேர்த்து வையுங்கள். பேனா மை ஊறிவிடும். அட்டையின் பின்புறத்தில் அன்றைக்குப் படம் பார்த்தவர் எழுதிய தேதியும் கொட்டகைப் பெயரும் இருந்தால், அசிங்கமாக இருக்கிறதென்று தயவுசெய்து அழித்துவிட வேண்டாம். அந்தப் படம் அந்த ஊருக்கு எப்போது வந்தது என்பதற்கு வேறு சாட்சி இருக்காது.

இப்படிக்கு,
பழைய தமிழ்ப் படங்களின் சுவடு தேடும் நண்பர்கள்