நைரோபியில் இருக்கும் மகளுக்கு

அன்புள்ள பாப்பா,

இங்கே எல்லோரும் நலம். அப்பாவுக்குச் சர்க்கரை கட்டுக்குள் இருக்கிறது. தம்பியின் நிச்சயத்துக்கு நீ ஏன் வரவில்லை என்று பெரியத்தை இன்னும் கேட்கிறார்கள். பதில் சொல்லி எனக்கு அலுத்துவிட்டது.

உன் கட்டுரையை அப்பா தமிழில் சொல்லச் சொல்லக் கேட்டேன். பேஸ்புக்கில் வரும் கொலையும் சித்திரவதையும் நம் கண்ணில் படாமல் இருக்க, உன் தம்பி வயதுப் பிள்ளைகள் அங்கே ஷிப்ட் போட்டு அதையெல்லாம் பார்த்து நீக்கினார்கள் என்பது எனக்குத் தெரியாது. கம்ப்யூட்டரே எடுத்துவிடும் என்றுதான் நினைத்திருந்தேன். சாட்ஜிபிடிக்கு எது ஆபாசம், எது வன்முறை என்று கற்றுக்கொடுக்கவும் அந்த ஊர்ப் பிள்ளைகள்தானாம், அதுவும் மணிக்கு இரண்டு டாலர்கூட இல்லாத கூலிக்கு. 2023 மே தினத்தன்று 150 பேருக்கு மேல் கூடிச் சங்கம் அமைக்க வாக்களித்த பகுதியை அப்பா மறுபடியும் படித்தார். மில் நாட்கள் நினைவுக்கு வந்திருக்கும்.

நேரத்துக்குச் சாப்பிடு. தூங்கு. போனை அடுத்த அறையில் வைத்துவிட்டுப் படு.

நீ பத்திரிகை வேலைக்குச் சேர்ந்த புதிதில், 2018 மே மாதம், போளூர் பக்கம் அத்திமூருக்குப் போனாய். குலதெய்வம் கோயிலுக்கு வந்த ஒரு வயதான அம்மாள் குழந்தைகளுக்குச் சாக்லேட் கொடுத்தார். பிள்ளை பிடிப்பவர்கள் நடமாடுகிறார்கள் என்று வாட்ஸ்அப்பில் பரவிய புரளியை நம்பி, ஊரே கூடி அவரை அடித்துக் கொன்றது. அந்த வருடம்தான் நமக்கு வந்த ஒரு செய்தியை ஒரே நேரத்தில் ஐந்து பேருக்கோ குழுக்களுக்கோ மேல் ஃபார்வர்ட் செய்ய முடியாதபடி வாட்ஸ்அப் இங்கே கட்டுப்பாடு வைத்தது. உன்னைப் போன்றவர்கள் நேரில் போய் எழுதியதால்தான் அது நடந்தது என்று பார்க்கிறவர்களிடமெல்லாம் இன்றும் சொல்லிக்கொண்டிருக்கிறேன். ஆனால் நம் கோயிலுக்குப் புறப்படும்போது பையில் மிட்டாய் எடுத்து வைக்க அதன் பிறகு எனக்கு மனம் வரவில்லை. கேள்விப்பட்ட எனக்கே இப்படி. அந்த அம்மாளை அடித்த காணொளியைத் திரும்பத் திரும்பப் பார்த்து எழுதிய நீ ஒரு வாரம் சரியாகச் சாப்பிடவில்லை. அப்போது நம் வீட்டில் இருந்தாய், தட்டைப் பார்த்தே தெரிந்துகொண்டேன்.

இப்போது எனக்குத் தெரிவதெல்லாம் போனில் தெரிவதுதான். காலை ஐந்து மணிக்குப் பால் வாங்க எழுந்தால் உன் பெயருக்குக் கீழே ஆன்லைன் என்று காட்டுகிறது. அங்கே அப்போது இரண்டரை மணி. வேலை இருக்கும் என்று அப்பா சொல்கிறார். தினமுமா?

பேஸ்புக் வேலை பார்த்தவர்களில் 140 பேருக்கு மேல் கடுமையான மனப் பாதிப்பு என்று அங்கே மருத்துவரே பரிசோதித்துச் சொன்னதை நீதான் எழுதியிருக்கிறாய். அவர்கள் பார்த்ததை நீயும் உட்கார்ந்து பார்த்தாயா, பாப்பா? அவர்கள் சொல்லக் கேட்டு எழுதினால் போதாதா? பார்க்காமல் எழுதக்கூடாது என்பாய். சரி, அது உன் தொழில் தர்மம், நான் குறுக்கே நிற்கவில்லை. பேட்டி கண்ட டாக்டர்களிடம் உன் தூக்கத்தைப் பற்றி ஒரு வார்த்தை கேட்டாயா? இல்லையென்றால் இந்த வாரமே போய்க் கேள். செலவை அப்பா அனுப்புவார்.

நன்றாகத் தூங்கு. ஞாயிற்றுக்கிழமை கூப்பிடு. போன முறை போல நெட் சரியில்லை என்று கேமராவை அணைத்துவிட்டுப் பேசாதே. எனக்கு உன் முகத்தைப் பார்க்க வேண்டும்.

அன்புடன்,
அம்மா