எழுதுபவரும் நடிப்பவரும் தயாரிப்பவரும் ஒருவரே என்றாலும் ஒப்பந்தம் மூன்று வேண்டும்

தமிழ்த் திரைப்படத் தயாரிப்பாளர்களுக்கு,

வணக்கம்.

நகைச்சுவையை எழுதி, தாமே நடித்து, தயாரிப்பிலும் இறங்குபவர்கள் நம் சினிமாவுக்குப் புதியவர்கள் அல்லர். என்.எஸ்.கிருஷ்ணன் காலத்திலேயே அந்த வழி திறந்துவிட்டது. இன்றும் அப்படிப்பட்டவரிடம் பெரும்பாலும் ஒரே ஒப்பந்தத்தில்தான் கையெழுத்து வாங்குகிறீர்கள். அதில் நடிப்புச் சம்பளம் தெளிவாக இருக்கும். எழுத்து அதற்குள்ளேயே அடங்கிவிடும். தயாரிப்புப் பங்குக்கு ஒரு வரி மிஞ்சும். மூன்று வேலைக்கும் தனித்தனி ஒப்பந்தம் போடுங்கள்.

எழுத்தை ஏன் பிரிக்க வேண்டும்? மற்ற காட்சிகளைவிட நகைச்சுவைக் காட்சிக்குத்தான் படத்துக்கு வெளியே ஆயுள் அதிகம். ஆதித்யா, சிரிப்பொலி போன்ற சேனல்கள் நாள் முழுவதும் அதைத்தானே ஓட்டுகின்றன! பதிப்புரிமைச் சட்டத்தின் 2012 திருத்தம் இந்த இடத்தில்தான் பொருந்துகிறது. திரையரங்கில் படத்தோடு காட்டுவது தவிர மற்ற பயன்பாடுகளுக்கு, ராயல்டியைச் சமமாகப் பங்கிட்டுப் பெறும் உரிமையை எழுத்தாளர் உங்களுக்கு எழுதிக் கொடுக்க முடியாது. வாரிசுக்கோ, வசூலிக்கும் பதிப்புரிமைச் சங்கத்துக்கோ மட்டுமே கொடுக்கலாம். ‘சகல உரிமைகளும் நிரந்தரமாக’ என்ற வழக்கமான வாசகம் இந்த உரிமையைப் பறிக்காது. கால அளவைக் குறிப்பிடாத உரிமை மாற்றம் 5 ஆண்டுகளுக்கும், எல்லையைக் குறிப்பிடாதது இந்தியாவுக்கும் மட்டுமே என்கிறது அதே சட்டத்தின் 19ஆம் பிரிவு. வெளிநாட்டு உரிமை விற்கும் நேரத்தில் இது உங்களுக்கே தலைவலி. இரண்டையும் எழுதிவிடுங்கள்.

எழுத்துச் சம்பளத்தைத் தவணையாக்குங்கள்: கதைச் சுருக்கத்துக்கு 20 சதவீதம், முதல் வரைவுக்கு 30, இரண்டாம் வரைவுக்கு 30, படப்பிடிப்பின் முதல் நாளுக்கு முன் 20. இரண்டு வரைவும் ஒரு வசன மெருகேற்றலும் இதில் அடங்கும். அதற்கு மேல் கேட்டால் தனிக் கட்டணம். ரிலீஸுக்குப் பிறகு பார்க்கலாம் என்று எந்தத் தவணையையும் தள்ளாதீர்கள். படம் பெட்டிக்குள் முடங்கினால் எழுதியவருக்கு ஒன்றும் வராது.

படப்பிடிப்பில்தான் சேதம் அதிகம். தயாரிப்புப் பொறுப்பும் தலையில் இருக்கும் நடிகர், கால்ஷீட் (படப்பிடிப்பு நேரம்) நீண்டால் பேட்டா (குழுவினரின் தினப்படி) ஏறுமே என்று, தன் வசன ஷாட் முடிந்ததும் பேக்கப் சொல்லி அன்றைய படப்பிடிப்பை முடித்துவிடுகிறார். எதிரில் நிற்பவரின் ரியாக்‌ஷன் குளோசப் எடுக்கப்படாமல் போகிறது. சிரிப்பு பெரும்பாலும் அந்த முகத்தில்தான் விழும். அது கையில் இல்லாவிட்டால், டைமிங் பிசகிய காட்சியை எடிட்டர் எங்கே வெட்டிச் சரிசெய்வார்? ஆகவே அவர் நடிக்கும் நாட்களில் செலவு முடிவுகளை வேறொருவர் எடுக்க வேண்டும். யார் என்பதைத் தயாரிப்பு ஒப்பந்தத்திலேயே எழுதுங்கள். படப்பிடிப்புக்கு மூன்று வாரம் முன்பே ஸ்கிரிப்டைப் பூட்டிவிட்டு, எல்லா நடிகர்களையும் உட்காரவைத்து இரண்டு முறையாவது உரக்கப் படிக்கச் சொல்லுங்கள். தாளில் சிரிக்கவைத்து வாயில் செத்துப்போகும் வசனம் அப்போதே தெரிந்துவிடும்.

ஸ்பாட்டில் பிறக்கும் வசனத்தையும், முதுகு காட்டும் ஷாட்டில் டப்பிங்கின்போது சேர்க்கும் வசனத்தையும் உதவி இயக்குநர் ஒருவர் தேதியோடு குறித்துவைக்கட்டும். டைட்டிலில் பெயர் யாருக்கு என்ற சண்டை பெரும்பாலும் இந்தக் குறிப்பு இல்லாததால்தான் வருகிறது. ‘கூடுதல் வசனம்’ என்று ஒரு வரி போட உங்களுக்குச் செலவே இல்லை.

தயாரிப்புப் பங்கில் ‘நிகர லாபம்’ என்று மட்டும் எழுதாதீர்கள். பைனான்ஸ் வட்டி, விளம்பரம், திரையரங்கில் டிஜிட்டலாகத் திரையிடுவதற்கான கியூப் கட்டணம் என ஒவ்வொன்றாகக் கழித்தால் ஓடிய படத்திலும் மிச்சம் காட்டாமல் இருக்க முடியும். எவற்றைக் கழிக்கலாம் என்ற பட்டியலை இணைத்து, வட்டிக்கு உச்சவரம்பு வைத்து, கணக்கைப் பார்க்கும் உரிமையையும் கொடுங்கள்.

இவற்றையெல்லாம் ஒரு மாதிரி ஒப்பந்தமாக எழுத்தாளர்கள் சங்கத்தோடு உட்கார்ந்து எழுதி, அடுத்துப் பூஜை போடும் படத்திலிருந்தே நடைமுறைப்படுத்துங்கள்.

இப்படிக்கு,
நகைச்சுவை எழுதுபவர்கள்