கெய்சரின் ஆணை எங்கே? முதல் உலகப் போரை எழுதுவோருக்கு ஒரு திறந்த மடல்

முதல் உலகப் போரின் வரலாற்றைத் தமிழில் எழுதியும் பதிப்பித்தும் வரும் அன்பர்களுக்கு,

வணக்கம். 1914 ஆகஸ்டில் பிரான்சில் கரையிறங்கிய பிரித்தானியப் பயணப்படையினர் ‘ஓல்டு கன்டெம்ப்டிபிள்ஸ்’, அதாவது ‘பழைய அற்பர்கள்’ என்ற பட்டப்பெயரைப் பெருமையோடு தாங்கினார்கள். அப்பெயருக்குக் காரணமாகச் சொல்லப்படும் கதை நீங்கள் அறிந்ததே. ஜெர்மானியப் பேரரசர் கெய்சர் இரண்டாம் வில்ஹெல்ம் ஆகஸ்ட் 19 அன்று ஆகென் நகரத் தலைமையகத்திலிருந்து ஓர் ஆணை பிறப்பித்தார் என்றும், துரோகிகளான ஆங்கிலேயரை முதலில் அழித்தொழிக்குமாறும் பிரித்தானியப் பயணப்படையின் தளபதி ஜெனரல் ஜான் பிரெஞ்சின் அற்பச் சிறு படையை மிதித்துக் கடக்குமாறும் அதில் கட்டளையிட்டார் என்றும் அக்கதை கூறுகிறது. இதை ஐயத்துக்கு இடமற்ற செய்தியாக, மேற்கோள் குறிகளுக்குள் கெய்சரின் வாய்மொழியாகவே அச்சிடுவதைக் கைவிட வேண்டும் என்று கேட்டுக்கொள்ளவே இம்மடலை எழுதுகிறேன்.

அந்த ஆணையின் ஜெர்மன் மூலத்தை இன்றுவரை எவரும் காட்டியதில்லை. அதன் வாசகம் 1914 செப்டம்பர் 24 அன்று பிரித்தானியப் படையின் அன்றாட ஆணைகளோடு இணைக்கப்பட்டு, ஆங்கிலத்தில், பிரித்தானிய வீரர்களுக்கே வழங்கப்பட்டது. பெல்ஜியத்தின் மோன்ஸில் போரிட்டு, நெடுந்தொலைவு பின்வாங்கி, பிரான்சின் மார்ன், ஏன் ஆற்றங்கரைகளில் மீண்டும் மோதிக் களைத்திருந்த வீரர்களுக்குச் சினமூட்ட அதைவிடப் பொருத்தமான வாசகம் கிடைத்திருக்காது. இந்தப் பொருத்தமே நம்மை எச்சரித்திருக்க வேண்டும்.

1925-இல், நாடாளுமன்ற உறுப்பினர் ஆர்தர் பொன்சன்பியின் முயற்சியை ஒட்டி, ஜெனரல் சர் பிரடெரிக் மாரிஸ் இதை விசாரித்தார். மாரிஸ் போரை வெளியிலிருந்து பார்த்தவர் அல்லர். 1914-இல் அதே பயணப்படையின் மூன்றாம் டிவிஷனில் பணியாற்றியவர், பின்னர் பிரித்தானிய இராணுவ நடவடிக்கைகளின் இயக்குநராக இருந்தவர். அக்கதையை நம்புவதற்கு அவரைவிட உரிமையுள்ளவர்கள் சிலரே. ஆயினும் ஜெர்மானிய ஆவணங்களில் தேடச் செய்தபோது அப்படியோர் ஆணையின் தடயமே கிடைக்கவில்லை. ஜெர்மானியத் தலைமையகம் ஆகெனில் இருந்ததே இல்லை என்பதும் தெரியவந்தது. ஆகஸ்ட் 19 அன்று அது கோப்லென்ஸில் இருந்தது. பதவியிழந்து நெதர்லாந்தின் டோர்னில் வாழ்ந்த கெய்சரும் அச்சொற்களைத் தாம் சொல்லவில்லை என்று மறுத்தார். குற்றம் சாட்டப்பட்டவரின் மறுப்புக்கு நான் பெரிய எடை தரமாட்டேன். ஆவணங்கள் பேசாதிருப்பதும் இடம் பொருந்தாதிருப்பதும் வேறு வகையான சான்றுகள்.

இன்னொன்றையும் நீங்கள் எடைபோட வேண்டும். ஆணை பிறந்ததாகச் சொல்லப்படும் நாளுக்கு மறுநாள், ஆகஸ்ட் 20 அன்று, ஜெர்மானிய உயர் தலைமை தன் வலப்பக்கப் படைகளுக்கு அனுப்பிய செய்தியில், பிரித்தானியர் பெருமளவில் இன்னும் கரையிறங்கவில்லை என்றே கருத்துத் தெரிவித்திருந்தது. வந்து சேரவில்லை என்று நம்பிய ஒரு படையை, எல்லாவற்றுக்கும் முன்பாக அழிக்கும்படி முந்தைய நாளே பேரரசர் ஆணையிட்டிருப்பாரா?

மூலத்தில் ‘இகழத்தக்க அளவுக்குச் சிறிய படை’ என்றிருந்தது, ஆங்கிலத்தில்தான் பிறழ்ந்தது என்று சமாதானம் சொல்வோரும் உண்டு. மூலமே கிடைக்காதபோது பிறழ்ச்சியைப் பற்றி எதை வைத்துப் பேசுவது?

இதைச் சொல்வதால் அப்பெயரை ஏற்றவர்களின் மதிப்பு ஒரு துளியும் குறையாது. 1914 நவம்பர் முடிவதற்குள் பிரித்தானியப் படையின் இழப்பு, இறந்தோரும் காயமுற்றோரும் காணாமற்போனோருமாக, ஏறத்தாழ 90,000-ஐ எட்டியது. பெல்ஜியத்தின் ஈப்பர் நகரில் நடந்த முதற்சமர் ஓய்ந்தபோது ஆகஸ்டில் வந்த படையில் மிஞ்சியோர் குறைவு. பிழைத்தவர்கள் பெயரைத் தமதாக்கிக்கொண்டு சங்கமும் அமைத்தார்கள். அதுவும் அதே 1925-இல்தான். அவர்களைப் பொறுத்தவரை அப்பெயர் உண்மையானது. ஒரு பெயர் உண்மையாக வழங்கியது என்பதையும் அதன் தோற்றக் கதை உண்மை என்பதையும் நாம் ஒன்றாக்கிவிடுவதில்தான் பிழை நேர்கிறது. (அவ்வாண்டுப் போர்முனைப் பணிக்காக வழங்கப்பட்ட 1914 நட்சத்திரப் பதக்கத்தைப் பெற்றவர்களில் அந்த இலையுதிர்காலத்தில் பிரான்சின் மார்செய் துறைமுகத்தில் இறங்கிய இந்தியப் படையினரும் உண்டு, இப்பட்டப்பெயர் பற்றிய பேச்சில் அவர்கள் நினைக்கப்படுவதே இல்லை என்பது எனக்குத் தனி வருத்தம்.)

ஆகவே, நூல்களின் அடுத்த பதிப்பிலும் இனி எழுதும் கட்டுரைகளிலும் ‘கெய்சர் கூறினார்’ என்பதை நீக்கி, ‘கெய்சர் கூறியதாகப் பிரித்தானியப் படை 1914 செப்டம்பரில் தன் வீரர்களுக்கு அறிவித்தது’ என்று எழுதுங்கள். 1925-ஆம் ஆண்டு விசாரணையையும் ஒரு வரியிலாவது சேருங்கள். அந்த வரிக்கு இடமில்லாத சிறு குறிப்பாயின், ஆணையைச் சொல்லாமல் பெயரை மட்டும் சொன்னாலே போதும்.

இப்படிக்கு,
உங்கள் எழுத்துகளைத் தொடர்ந்து படித்துவரும் வாசகர்